தலைப்பு வைத்தது யார்?

கேள்வி: நோபல் பரிசு வாங்கிய ஜெர்மன் எழுத்தாளர் ஹைன்ரிஷ் ப்யோல், பயங்கரவாதிகளுக்குப் பரிந்து பேசித் தன் பெயரைக் கெடுத்துக்கொண்டவர்தானே? எழுத்தாளருக்குக் கதை எழுதினால் போதாதா?
– ஒரு வாசகர், திருச்சி

பதில்: பரிந்து பேசினார் என்று எங்கே படித்தீர்கள்? அவருடைய கட்டுரையில் இருக்காது. அந்தக் கட்டுரையைத் திட்டியவர்கள் எழுதியதில் இருக்கும்.

நடந்தது இதுதான். 1971 டிசம்பர் 22 அன்று கைசர்ஸ்லவுட்டன் நகரில் ஒரு வங்கிக் கொள்ளை. போலீஸ்காரர் ஒருவர் கொல்லப்பட்டார். மறுநாளே ‘பில்ட்’ நாளிதழ், பாதர்-மைன்ஹோஃப் கும்பல் கொலையைத் தொடர்கிறது என்று கொட்டை எழுத்தில் போட்டது. (ஆந்திரியாஸ் பாதர், உல்ரிகெ மைன்ஹோஃப் இருவர் பெயரால் அழைக்கப்பட்ட தீவிர இடதுசாரி ஆயுதக் குழு அது.) போலீஸ் கையில் அப்போது உறுதியான ஆதாரம் கிடையாது. ப்யோலுக்குச் சுருக்கென்று தைத்தது இதுதான். 1972 ஜனவரியில் ‘டெர் ஷ்பீகல்’ வார இதழில் எழுதினார். ஆறு கோடி ஜெர்மானியரை எதிர்த்து அந்தக் கும்பலின் ஆறு பேர் நடத்தும் போர் இது, அர்த்தமில்லாத போர் என்றார். பரிவா இது?

தலைப்புதான் குட்டையைக் குழப்பியது. ‘ஒரே நேரத்தில் இத்தனை அன்பா’ என்ற பொருளில் அவர் ஒரு தலைப்பு கொடுத்திருந்தார். இதழ்க்காரர்கள் அதைத் தூக்கிவிட்டு, ‘உல்ரிகெ கேட்பது கருணையா, பாதுகாப்பா’ என்கிற மாதிரி ஒன்றை வைத்தார்கள். உல்ரிகெ மைன்ஹோஃபை வெறும் உல்ரிகெ என்று சொன்னதும் ஏதோ வீட்டுப் பெண்ணைக் கூப்பிடுவது போல ஆகிவிட்டது. பழி ப்யோல் தலையில். (நானும் தலைப்பு மாற்றுகிறவன்தான். இந்தக் கதையைப் படித்ததிலிருந்து கொஞ்சம் கை நடுங்குகிறது.)

அவரிடமும் தப்பு உண்டு. ‘பில்ட்’ செய்வது அப்பட்டமான பாசிசம் என்று எழுதினார்; வார்த்தை தடித்துவிட்டது. ஆறு பேர் என்பதும் குறைத்துப் போட்ட கணக்கு. அந்த மே மாதம் அந்தக் குழு வைத்த குண்டுகளில் நான்கு பேர் செத்தார்கள். வங்கிக் கொள்ளையும் அவர்கள் வேலைதான் என்று பின்னால் தெரியவந்தது. சரி, அதனால் டிசம்பர் 23 அன்று ‘பில்ட்’டுக்கு அது தெரிந்திருந்தது என்று ஆகிவிடுமா? அவர் கேட்டது அந்த ஒரு நாளைப் பற்றித்தான்.

ஜூன் முதல் தேதி ஆந்திரியாஸ் பாதர் பிடிபட்ட அன்றே, லாங்கன்பிராய்ஹ் கிராமத்தில் ப்யோலின் வீட்டைத் துப்பாக்கியோடு போலீஸ் சூழ்ந்தது. விருந்தாளிகளின் அடையாள அட்டைகூடச் சோதிக்கப்பட்டது. அதே ஆண்டில்தான் நோபல். 1974 பிப்ரவரியில் சோவியத் அரசு தன்னை விமர்சித்த எழுத்தாளர் சோல்செனிட்சினை நாடு கடத்தியபோது, அவர் முதலில் வந்து தங்கியதும் இதே வீட்டில்தான். இடதுசாரிகளின் கைப்பாவை என்று ப்யோலைத் திட்டியவர்கள் இதை என்ன கணக்கில் எழுதினார்களோ!

அப்புறம், கதை எழுதினால் போதாதா என்கிறீர்கள். எழுதினாரே! அதே 1974இல், ஒரு நாளிதழ் துரத்தித் துரத்திக் கடைசியில் கொலை வரை தள்ளிவிடும் கத்தரீனா ப்ளூம் என்ற பெண்ணின் கதை. ‘பில்ட்’டின் வழக்கங்களோடு ஒற்றுமை தெரிந்தால் அது வேண்டுமென்று செய்ததும் அல்ல, தற்செயலும் அல்ல, தவிர்க்க முடியாதது என்று முன்குறிப்பு வேறு. கதை எழுதினால் சண்டை வராது என்று உங்களிடம் யார் சொன்னது?

அந்த ஆண்டு நவம்பரில் பெர்லினில் ஒரு நீதிபதி கொல்லப்பட்டபோது, வன்முறைக்கு உரம் போட்டவர்களில் ப்யோலும் ஒருவர் என்று பத்திரிகையாளர் மத்தியாஸ் வால்டன் தொலைக்காட்சியில் பேசினார். ப்யோல் சொன்னதாகச் சில வரிகளையும் எடுத்துக்காட்டினார். அவை ப்யோல் உண்மையில் சொன்னபடி இல்லை. ப்யோல் விடவில்லை; வழக்கு அரசியல் சட்ட நீதிமன்றம் வரை போனது. 1980இல் அங்கே அவர் பக்கம் தீர்ப்பு வந்தது, அடுத்த ஆண்டு நாற்பதாயிரம் மார்க் நஷ்டஈடும் கிடைத்தது.

ப்யோல் 1985இல் காலமாகிவிட்டார். அதனால்தான் உங்கள் கேள்வியைத் தைரியமாகப் பிரசுரிக்கிறேன்.