சுட்ட குடைமிளகாய் சூப்: வாசகர் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: திருமண நாளன்று உணவகம் ஒன்றில் சுட்ட சிவப்புக் குடைமிளகாயில் செய்த சூப்பைக் குடித்தோம். வழவழப்பாக, இலேசான புகைமணத்தோடு, தொண்டையில் இதமாக இறங்கும் காரத்தோடு இருந்தது. வீட்டில் மூன்று முறை முயன்றும் அந்தச் சுவை வரவில்லை. குடைமிளகாயை நறுக்கி, வெங்காயம், தக்காளியோடு குக்கரில் இரண்டு விசில் விட்டு, அரைத்து, பிரெஷ் கிரீம் ஊற்றிக் கொதிக்கவைத்தேன். பச்சை வாடை போகவில்லை, காரமே இல்லை, கடைசி முறை கிரீம் திரிதிரியாகப் பிரிந்தும் போயிற்று. எங்கே தவறு நேர்கிறது? (திருச்சியிலிருந்து ஒரு வாசகி)

பதில்: தவறு குக்கரிலேயே தொடங்கிவிடுகிறது. குடைமிளகாயைத் தண்ணீரில் வேகவைத்தால் அது வெந்து குழையுமே தவிர, சுட்ட மணம் அதற்கு ஒருநாளும் வராது. கத்தரிக்காயை வேகவைத்து மசித்த கொத்சுக்கும், தணலில் சுட்டுத் தோலுரித்துப் பிசைந்த கொத்சுக்கும் உள்ள வேறுபாடு உங்களுக்குத் தெரியாததல்ல. அதே வேறுபாடுதான் இங்கும். இந்தச் சூப்பின் சுவை, தண்ணீரும் கிரீமும் சேர்வதற்கு வெகுமுன்பே, நெருப்பில் முடிவாகிவிடுகிறது. ஆகவே சுடுவதைப் பற்றித்தான் சற்று விரிவாக எழுதப்போகிறேன்.

நால்வருக்கு, ஏறத்தாழ 700 கிராம் எடையில் நான்கு சிவப்புக் குடைமிளகாய்களை வாங்குங்கள். பச்சை வேண்டாம். பச்சைக் குடைமிளகாய் என்பது பெரும்பாலும் பழுக்காத காய்தான். செடியிலேயே விட்டுவைத்தால் வகைக்கேற்பச் சிவப்பாகவோ மஞ்சளாகவோ பழுக்கும். நீங்கள் சொல்லும் பச்சை வாடைக்குக் காரணமான மெத்தாக்சிபைரசின் என்னும் மணப்பொருள் மிக நுண்ணிய அளவில் இருந்தாலே மூக்குக்குத் தெரிந்துவிடும். காய் பழுக்கப் பழுக்க அது குறைந்து, இனிப்பு கூடுகிறது. சிவப்புக் காயின் விலை கூடுதலாக இருப்பதற்கு, அது செடியில் கூடுதல் நாள் நின்றாக வேண்டும் என்பதும் ஒரு காரணம். ஓசூர்ப் பக்கத்துப் பசுமைக்குடில்களில் இவை விளைவதால், முன்போல் அரிதான பொருளாக இப்போது இல்லை. கையில் எடுத்தால் கனமாகவும், தோல் இறுகிப் பளபளப்பாகவும், காம்பு பசுமையாகவும் இருக்க வேண்டும். மடிப்பு அதிகமில்லாத, பக்கங்கள் தட்டையான காயாகப் பார்த்து எடுங்கள். பள்ளமான மடிப்புக்குள் நெருப்பு படாது.

கேஸ் அடுப்பின்மேல் சப்பாத்தி வாட்டும் கம்பி வலையை வைத்து, தீயை நன்றாகக் கூட்டி, காயை முழுதாகவே, எண்ணெய் தடவாமல் அதன்மேல் படுக்கவையுங்கள். முதல் ஓரிரு நிமிடம் ஒன்றும் நடக்காததுபோல் இருக்கும். பிறகு தோல் படபடவென்று வெடிக்கத் தொடங்கும். சிவப்பின்மேல் கொப்புளங்கள் எழும்பி, பழுப்பாகி, கறுக்கும். அப்போது எழும் மணத்தைக் கவனியுங்கள்: பசும்புல் வாடை மறைந்து, சுட்ட சோளக்கதிரை நினைவூட்டும் இனிய மணம் அடுக்களை முழுதும் பரவும். பலர் இந்தக் கட்டத்தில்தான் காய் தீய்ந்துவிட்டதென்று பயந்து இறக்கிவிடுகிறார்கள். இறக்காதீர்கள். இடுக்கியால் திருப்பிக்கொண்டே இருந்தால் 12 முதல் 15 நிமிடங்களில் காய் முழுதும் கரிபடிந்து கறுத்துவிடும். அரைகுறையாகக் கறுத்த இடத்தில் தோல் உரியாது. உரியாமல் தங்கிய தோல் எவ்வளவு அரைத்தாலும் சூப்பில் தாள்போல் நாக்கில் ஒட்டும்.

கறுத்த காய்களை ஒரு பாத்திரத்தில் போட்டுத் தட்டால் இறுக மூடி, 15 நிமிடம் அப்படியே விட்டுவிடுங்கள். காயின் சொந்த ஈரமே ஆவியாகித் தோலைச் சதையிலிருந்து தளர்த்திவிடும். பிறகு விரலால் தள்ளினாலே வழுக்கிக்கொண்டு வரும். எக்காரணம் கொண்டும் குழாயடியில் காட்டிக் கழுவாதீர்கள். கழுவினால் வேலை எளிதாகும் என்பது உண்மைதான். ஆனால் நெருப்பில் நின்று வரவழைத்த புகைமணமும் இனிப்பும் அந்தத் தண்ணீரோடு போய்விடும். ஈரக்கையால் துடைத்தெடுங்கள். அங்கங்கே சில கறுப்புத் துணுக்குகள் ஒட்டியிருந்தால் பாதகமில்லை, மிகுந்தால்தான் கசக்கும். பாத்திரத்தின் அடியில் தேன்போலச் சிவந்து நிற்கும் சாற்றை மட்டும் கொட்டிவிடாதீர்கள். அது இரண்டு மூன்று கரண்டிதான் இருக்கும். ஆனால் சூப்பின் உயிர் அதில்தான் இருக்கிறது. விதைகளை நீக்கும்போதும் காயை அந்தப் பாத்திரத்தின் மேலேயே பிடித்துக்கொள்ளுங்கள்.

இனிக் காரம். குடைமிளகாயில் காரம் இல்லாதது உங்கள் கைக்குறை அல்ல; காரம் தரும் கேப்சைசினை உண்டாக்கும் தன்மையே அந்த வகையின் மரபணுவில் இல்லை. எனவே காரத்தை வேறோரிடத்திலிருந்துதான் கொண்டுவர வேண்டும். நான் இராமநாதபுரம் குண்டு மிளகாய் இரண்டையும் காஷ்மீரி மிளகாய் இரண்டையும் வெந்நீரில் 20 நிமிடம் ஊறவைத்துச் சேர்க்கிறேன். முன்னது காரத்துக்கு, பின்னது நிறத்துக்கு. கேப்சைசின் தண்ணீரில் எளிதில் கரையாது, கொழுப்பில் நன்றாகக் கரையும். ஆகவே அடிகனமான பாத்திரத்தில் வெண்ணெயும் எண்ணெயும் ஒவ்வொரு மேசைக்கரண்டி விட்டு, பெரிய வெங்காயம் ஒன்றையும் ஆறு பூண்டுப் பற்களையும் நறுக்கிப் போட்டு, சிறுதீயில் சிவக்காமல் கண்ணாடிபோல் வதக்கிய பின், ஊறிய மிளகாயையும் அதிலேயே இட்டு இரண்டு நிமிடம் பிரட்டுங்கள். தக்காளி ஒன்று போதும்; அதற்கு மேல் போனால் தக்காளி சூப் ஆகிவிடும். தக்காளி குழைந்ததும் தோலுரித்த குடைமிளகாய், எடுத்துவைத்த சாறு, 600 மில்லி தண்ணீர், தேவையான உப்பு ஆகியவற்றைச் சேர்த்து, மூடி, 10 நிமிடம் மெல்லக் கொதிக்கவிடுங்கள்.

அரைப்பதற்கு முன் கை பொறுக்கும் சூட்டுக்கு ஆறவிட வேண்டும். கொதிக்கும் நீர்மத்தை மூடிய மிக்ஸி ஜாரில் ஓட்டினால் ஆவி பெருகி மூடியைத் தூக்கியெறியும். அப்படி நேர்ந்த தழும்பு என் அக்காவின் முன்கையில் இன்னும் இருக்கிறது. ஜாரில் பாதிக்கு மேல் நிரப்பாமல், இரண்டு மூன்று தவணைகளாக மைய அரைத்து, எவர்சில்வர் வடிகட்டியில் ஊற்றிக் கரண்டியின் பின்புறத்தால் தேய்த்து வடியுங்கள். உணவகத்தில் நீங்கள் வியந்த வழவழப்பு கிரீமால் மட்டும் வருவதன்று. அதில் பெரும்பங்கு வடிகட்டிக்கு உண்டு.

கிரீம் பிரிந்ததற்குக் காரணம், தக்காளியின் புளிப்பும் கொதிக்கும் சூடும் ஒருசேரத் தாக்கியதால் பாலின் புரதம் திரண்டுவிட்டதே. கொழுப்பு குறைந்த கிரீம் இன்னும் எளிதாகத் திரியும். அட்டைப்பெட்டியில் வரும் பிரெஷ் கிரீமில் பொதுவாக 25 சதவீத அளவே கொழுப்பு இருக்கும். எனவே வடித்த சூப்பைச் சூடாக்கி அடுப்பை அணைத்த பிறகு, குளிர்ச்சி நீங்கிய 100 மில்லி கிரீமில் முதலில் ஒரு கரண்டி சூப்பை விட்டுக் கலக்கி, அந்தக் கலவையைப் பாத்திரத்தில் சேருங்கள். அதன்பின் கொதிக்கவிடக் கூடாது. காரத்தையும் கிரீம் சேர்த்த பிறகுதான் ருசி பார்க்க வேண்டும். கிரீமின் கொழுப்பு காரத்தை அடக்கிவிடுவதால், முன்பு சுரீரென்று இருந்த சூப் பின்பு சப்பென்று தோன்றக்கூடும். குறைந்தால் மிளகாய்ப் பொடியை அப்படியே தூவாதீர்கள், பொடியின் பச்சை நெடி தனியே நிற்கும். சிறிது வெண்ணெயை உருக்கி, அணைத்த சூட்டில் பொடியைப் பொரித்து ஊற்றுங்கள். அப்போதே உரலில் இடித்த மிளகு அரைத் தேக்கரண்டி சேர்த்தால் இன்னும் எடுப்பாக இருக்கும். நெடுநேரக் கொதியில் மிளகின் மணம் பறந்துவிடுமாதலால் அதையும் இறக்கும் நேரத்தில்தான் சேர்க்க வேண்டும்.

கேள்வி: எங்கள் வீட்டில் மின்தூண்டல் அடுப்பு மட்டுமே உள்ளது. நேரடி நெருப்பு இல்லாமல் குடைமிளகாயைச் சுட வழி உண்டா? (மதுரையிலிருந்து ஒரு வாசகர்)

பதில்: உண்டு. ‘அவன்’ (oven) எனப்படும் மின்சார வாட்டுப்பெட்டி இருக்குமானால், காயை நீளவாக்கில் இரண்டாகப் பிளந்து, விதையை நீக்கி, தோல் மேற்புறமாக இருக்கும்படி தட்டில் அடுக்கி, இலேசாக எண்ணெய் தடவி, 220 டிகிரி செல்சியசில் 30 முதல் 40 நிமிடம் வையுங்கள். தோல் சுருங்கிக் கறுப்புப் புள்ளிகள் விழுந்ததும் எடுத்து மூடிவைக்கலாம். இந்த முறையில் காய் நன்றாக வெந்து இனிப்பு கூடும், புகைமணம் மட்டும் குறைவாகவே இருக்கும். வாட்டுப்பெட்டி இல்லையென்றால் கனமான இரும்புத் தோசைக்கல்லைக் காயவைத்து, நான்காகப் பிளந்த காயைத் தோற்புறம் கல்லில் படும்படி வைத்து, மேலே ஒரு பாத்திரத்தால் அழுத்துங்கள். தட்டையாகப் பிளந்த துண்டு முழுதும் கல்லில் படியும் என்பதால் தோல் ஒரே சீராகக் கருகும். கல் உங்கள் அடுப்புக்கு ஏற்ற அடிப்பகுதி கொண்டதா என்பதையும், காற்றுப்போக்கி ஓடுகிறதா என்பதையும் முதலில் பார்த்துக்கொள்ளுங்கள், புகை நிறையவே வரும்.

கேள்வி: பால் பொருள்கள் என் மகனுக்கு ஒத்துக்கொள்வதில்லை. கிரீமுக்குப் பதிலாகத் தேங்காய்ப்பாலோ உருளைக்கிழங்கோ சேர்க்கலாமா? (கோயம்புத்தூரிலிருந்து ஒரு வாசகி)

பதில்: முந்திரியைத்தான் பரிந்துரைப்பேன். 12 முழு முந்திரிப் பருப்புகளை வெந்நீரில் அரை மணி நேரம் ஊறவைத்து, வதக்கிய பொருள்களோடு சேர்த்து அரைத்தால் கிரீமுக்கு இணையான கொழுமை வரும். பாலைப்போல் திரிந்துவிடுமோ என்ற கவலையும் இல்லை. வதக்குவதற்கு வெண்ணெயை விட்டுவிட்டுக் கடலெண்ணெயைப் பயன்படுத்துங்கள். முந்திரி சேர்த்த சூப் ஆற ஆறக் கெட்டியாகும் என்பதால் பரிமாறும் முன் சிறிது வெந்நீர் விட வேண்டியிருக்கும். தேங்காய்ப்பால் நல்ல பொருள்தான். ஆனால் அதன் மணம் முன்னே வந்து நின்றுகொள்வதால் சுட்ட மணம் பின்னுக்குப் போய், சூப் சொதியின் பக்கம் சாய்ந்துவிடுகிறது. அந்தச் சுவை பிடிக்குமென்றால் முதற்பாலை அடுப்பை அணைத்த பின் சேருங்கள். உருளைக்கிழங்கு வேண்டாம் என்பேன். மிக்ஸியின் வேகத்தில் அதன் மாவுச்சத்து பசைபோல் இழுக்கத் தொடங்கிவிடும்.

கேள்வி: ஆங்கிலத்தில் ‘பெப்பர் சூப்’ என்று எழுதியிருந்ததைப் பார்த்து நான் மிளகைப் போட்டு ஒரு சூப் செய்துவிட்டேன். ஒரே சொல் இரண்டு பொருளுக்கும் எப்படி வந்தது? (தஞ்சாவூரிலிருந்து ஒரு வாசகர்)

பதில்: மிளகைத் தேடிக் கடல்கடந்த கொலம்பசின் கூட்டத்தார் அமெரிக்கக் கரையில் மிளகாயைக் கண்டபோது, அதன் காரத்தைப் பார்த்து மிளகின் பெயரையே அதற்கும் இட்டார்கள். ஐரோப்பிய மொழிகளில் தொடங்கிய குழப்பம் அதுதான். போர்த்துக்கீசியர் வழியே அந்தக் காய் இங்கு வந்தபோது நம்மவர்களும் மிளகைக் கொண்டே அதற்குப் பெயர் வைத்தார்கள். ஆனால் மிளகு, காய் என்னும் இரண்டையும் சேர்த்து மிளகாய் என்றதால் தமிழில் இரண்டும் தனித்தனியே நின்றன. சமையற்குறிப்பில் ‘சுட்ட’ என்ற சொல்லும் ‘சிவப்பு’ என்ற சொல்லும் உடன் வந்தால் அது குடைமிளகாய்தான் என்று கொள்ளலாம்.

கேள்வி: விலை மலிவாகக் கிடைக்கும்போது குடைமிளகாயை மொத்தமாகச் சுட்டு, பூண்டோடு எண்ணெயில் மூழ்கவைத்து, ஊறுகாய்போல் அலமாரியில் வைத்துக்கொள்ளலாம் என்று நினைக்கிறேன். எத்தனை நாள் தாங்கும்? (சேலத்திலிருந்து ஒரு வாசகி)

பதில்: தயவுசெய்து அப்படி வைக்காதீர்கள். ஊறுகாயைக் காப்பது எண்ணெய் மட்டுமன்று. அதிலுள்ள உப்பும் புளிப்பும்தான். சுட்ட குடைமிளகாயிலும் பூண்டிலும் அந்த அளவுக்கு உப்போ புளிப்போ கிடையாது. எண்ணெய் காற்றைத் தடுத்துவிடுவதால், காற்றில்லாத இடத்தில் வளரும் குளோஸ்ட்ரிடியம் பொட்டுலினம் என்னும் நுண்ணுயிர்க்கு அது ஏற்ற இடமாகிவிடுகிறது. அது உண்டாக்கும் நஞ்சு நரம்புகளைத் தாக்கி உயிரையே பறிக்கக்கூடியது. மணத்திலோ சுவையிலோ அது இருப்பதைக் கண்டுபிடிக்கவும் முடியாது.

தோலுரித்த காயை அதன் சாற்றோடு மூடிய டப்பாவில் இட்டுக் குளிர்பெட்டியில் மூன்று நாள் வைக்கலாம். அதற்கு மேல் வேண்டுமென்றால் ஒருமுறைக்கு வேண்டிய அளவாகப் பிரித்து உறைநிலைப் பெட்டியில் வையுங்கள். இரண்டு மூன்று மாதம் நன்றாக இருக்கும். அரைத்து வடித்த சூப்பையும் இப்படியே உறையவைக்கலாம், ஆனால் கிரீம் சேர்க்காமல். கிரீமோடு உறைந்த சூப் இளகும்போது பிரிந்துவிடும். உறைந்த காயை முதல் நாள் இரவே குளிர்பெட்டியின் கீழ்த்தட்டுக்கு மாற்றி இளகவிட்டு, அதிலிருந்து வடியும் சாற்றையும் மறவாமல் பாத்திரத்தில் ஊற்றிவிடுங்கள்.