மாதுமை முதல் கியாரா வரை: பெண்பிள்ளைப் பெயர்க் கேள்விகளும் ரீச்சரின் பதில்களும்

பெண்பிள்ளைகளின் பெயர்களைப் பற்றிக் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். கேள்விகள் குவிந்துவிட்டன. தமிழ் படிப்பித்தவள் என்ற முறையில் சொல்லின் பொருளும் அது வந்த வழியும் சொல்வேன். சாதகமும் எண்சோதிடமும் என் துறை அல்ல. ஒன்றை மட்டும் முதலே சொல்லிவிடுகிறேன்: பிறப்புப் பத்திரத்துக்குக் கொடுக்கமுதல் பெயரைத் தமிழில் எழுதி, எழுத்தெழுத்தாகப் பாருங்கள்.

கொக்குவிலில் இருந்து ஒரு தாய்: ரீச்சர், மகளுக்கு மாதுமை என்று வைக்க விருப்பம். மாமி, "இது என்ன புதுப் பெயர், கேள்விப்பட்டதே இல்லை" என்கிறா. பிள்ளையின் முப்பத்தொன்றாம் நாளுக்கு இன்னும் கொஞ்ச நாள்தான் இருக்குது. என்ன பொருள்?

மாமியிடம் சொல்லுங்கள், இது அம்மன் பெயர். திருகோணமலையில் கோணேசருக்குப் பக்கத்தில் இருக்கிற அம்பாள் மாதுமை அம்மாள். பிள்ளைப் பெயராக அருமையாகத்தான் காண்கிறோம், அதனால் புதிது போலக் கேட்கிறது.

மாது என்றால் பெண். உமை என்றால் உமாதேவி. மாது + உமை என்று வைத்து மெதுவாகச் சொல்லிப் பாருங்கள். "மாது" என்பதன் கடைசி உகரம் குற்றியலுகரம். அடுத்து உயிரெழுத்து வந்தால் அது நில்லாது. "உயிர்வரின் உக்குறள் மெய்விட்டு ஓடும்" என்று நன்னூல் சொல்வது இதைத்தான். உகரம் போக "மாத்" நிற்கும், அதன்மேல் "உமை" வந்து ஏற மாதுமை ஆகிவிடும். காது + ஓலை காதோலை ஆவதும் இதே விதியால்தான்.

உமை என்பது வடமொழி உமா. கேன உபநிடதத்திலேயே உமா ஹைமவதி என்று வருகிறாள், இமவானின் மகள். குமாரசம்பவத்தில் காளிதாசன் வேறொரு விளக்கம் சொல்கிறான்: தவத்துக்குப் புறப்பட்ட மகளைத் தாய் "உ, மா" என்று தடுத்தாளாம். "ஐயோ, வேண்டாம்" என்று பொருள். அதுவே பெயராகிவிட்டது என்பது அவன் கற்பனை. மொழி ஆராய்ச்சிக்கு அது நிற்காது. ஆனாலும் பிள்ளை வளர்ந்தபின் சொல்லிக்கொடுக்க நல்ல கதை.

கோணேசர் கோயிலைப் போர்த்துக்கேயர் இடித்தது 1622இல். 1950இல் திருகோணமலையில் கிணறு வெட்டியபோது பழைய செப்புத் திருமேனிகள் மண்ணுக்குள்ளிருந்து வெளியே வந்தன. இடையில் முந்நூறு வருடத்துக்கு மேல். அவ்வளவு காலத்துக்குப் பிறகும் அம்மனின் பெயர் மாறவில்லை. வடிவான பெயர். வையுங்கள்.

மானிப்பாயில் இருந்து: லக்ஷிகா என்றால் என்ன?

லக்ஷ் என்ற வடமொழி வேருக்குக் காணுதல், குறித்தல் என்று பொருள். அந்த வேரின் ஓசையில் இப்போது கட்டிய பெயர். "இலட்சுமியின் அருள்" என்று வலைத்தளங்களில் போட்டிருப்பதை நம்ப வேண்டாம்.

வல்வெட்டித்துறையில் இருந்து ஒரு தம்பி: ரீச்சர், மாதுமை பற்றிச் சொன்னதை ஏற்க முடியாது. பெண் + மை பெண்மை, தாய் + மை தாய்மை. அப்படியே மாது + மை மாதுமை. பெண்ணின் தன்மை என்றுதான் பொருள். எல்லாவற்றையும் ஏன் சாமியோடு முடிய வேண்டும்?

நல்ல கேள்வி தம்பி, நின்று பதில் சொல்ல வேண்டிய கேள்வி. இலக்கணம் மட்டும் பார்த்தால் உங்கள் பிரிப்பும் பிழையில்லை. மை விகுதி பெயர்ச்சொல்லோடும் சேரும். ஆனால் ஒரு சொல்லை எப்படிப் பிரிப்பது என்பதை விதி மட்டும் முடிவு செய்யாது, வழக்கும் சேர்ந்துதான் முடிவு செய்யும். பெண்மை, தாய்மை என்ற சொற்களைப் பேச்சிலும் பார்க்கிறோம், பாட்டிலும் பார்க்கிறோம். "அவளுடைய மாதுமை" என்று யாராவது சொல்லிக் கேட்டிருக்கிறீர்களா?

அடுத்தது, கோணேசர் கோயிலில் அம்மனை மாதுமையாள் என்றும் சொல்வார்கள். உமையாள் என்பது தேவாரத்தில் பழகிய பெயர். அதற்கு முன்னால் மாது சேர்ந்தால் மாதுமையாள் நேராக வந்துவிடும். மை விகுதி பெற்ற பண்புப்பெயரோடு ஆள் சேர்த்துப் பெண்பெயர் செய்வது நம் வழக்கம் இல்லை. பெண்மையாள், தாய்மையாள் என்று ஒருவருக்கும் பெயர் கிடையாது.

திருகோணமலையில் இருந்து ஒரு ஐயா: ரீச்சர் சொல்வது சரி. எங்கட ஊரில் மாதுமை என்றால் அம்மன்தான், வேறு பொருளே இல்லை.

நன்றி ஐயா.

அதே வல்வெட்டித்துறைத் தம்பி: சரி, வழக்கை ஒத்துக்கொள்கிறேன். அப்படியென்றால் வேதக்கார, அதாவது கிறிஸ்தவ, பிள்ளைக்கு இந்தப் பெயரை வைக்கக் கூடாதா? என் மனைவி வேதம். அதற்காகத்தான் இவ்வளவு மல்லுக்கட்டினேன்.

இதை முதலே சொல்லியிருக்கலாமே தம்பி. தாராளமாக வைக்கலாம். பெயருக்குக் காவல் போட ஒருவராலும் முடியாது. ஆனால் மனைவிக்குப் பெயர் வந்த வழியை மறைக்காமல் சொல்லுங்கள். தெரிந்துகொண்டு அவ விரும்பினால் நல்லது. விகுதியை மாற்றிப் பிரித்து ஆளைச் சம்மதிக்க வைத்தால், பிள்ளை பெரிதாகித் திருகோணமலைக்குப் போகும் அன்றைக்கு வீட்டில் கேள்வி வரும்.

சாவகச்சேரியில் இருந்து: தன்ஷிகா, யதுஷிகா, இந்த இரண்டுக்கும் பொருள்?

மேலே லக்ஷிகாவுக்குச் சொன்னதைப் பாருங்கள். இவற்றில் வேர்கூடத் தெளிவாக இல்லை. தர்ஷிகா என்றால் பொருள் உண்டு: காட்டுபவள், காண்பவள்.

நயினாதீவில் இருந்து: ஆதிரை என்று வைக்கலாமா? நட்சத்திரப் பெயர் என்று சிலர் யோசிக்கினம்.

நயினாதீவில் இருந்துகொண்டு ஆதிரைக்கு யோசிக்கலாமா? மணிமேகலையில் வரும் மணிபல்லவம் உங்கள் தீவுதான் என்று கொள்பவர்கள் கனபேர். மணிமேகலை அமுதசுரபியைப் பெற்றது அங்கே, கோமுகிப் பொய்கையில். அந்தப் பாத்திரத்தில் முதல் பிச்சை யார் இட வேண்டும் என்ற கேள்வி எழுந்தபோது கைகாட்டப்பட்டவள் ஆதிரை. கணவன் சாதுவன் கப்பல் உடைந்து இறந்தான் என்று கேட்டுத் தீயில் இறங்கினாள், தீ அவளைச் சுடவில்லை. பிறகு அவன் நாகர் நாட்டிலிருந்து உயிரோடு திரும்பி வந்தான். அவள் இட்ட சோற்றில்தான் அமுதசுரபி சுரக்கத் தொடங்கியது.

நட்சத்திரமாகப் பார்த்தாலும் குறை என்ன? வடமொழி ஆர்த்ரா, ஈரம் என்று பொருள். வானத்தில் அது பெட்டல்ஜியூஸ், செந்நிறமாக வெறுங்கண்ணுக்கே தெரியும். மார்கழியில் திருவெம்பாவை முடிந்து வருவது அந்த நாள்தான். பிள்ளை எந்த நட்சத்திரத்தில் பிறந்தாலும் வைக்கலாம்.

சுன்னாகத்தில் இருந்து: மகள் அத்த நட்சத்திரம். "ண" எழுத்தில் பெயர் வேண்டும் என்று ஐயர் சொல்கிறார்.

தமிழில் எந்தச் சொல்லும் ணகரத்தில் தொடங்காது. அத்தத்துக்குப் பஞ்சாங்கத்தில் "பூ"வும் இருக்கிறது, பாருங்கள். பூவிழி, பூமகள், பூங்கொடி. இத்தனை இருக்க ணகரத்தோடு ஏன் மினக்கெட வேண்டும்?

ரொறன்ரோவில் இருந்து: கியாரா தமிழ்ப் பெயரா?

இல்லை. இத்தாலியப் பெயர், ஒளி, தெளிவு என்று பொருள். இதைப் போலவே ஒலிக்கிற அயர்லாந்துப் பெயர் ஒன்று உண்டு, அதற்கு நேர்மாறாகக் கருமை என்று பொருள். எது என்று தெரிந்து வையுங்கள்.

நல்லூரில் இருந்து: யாழினி சங்க இலக்கியத்தில் வருகிறதா?

இல்லை. பாடினி வரும், விறலி வரும். பாடினியைப் பார்த்து யாழோடு இனி சேர்த்தது இந்தக் காலத்தவர். நன்றாகச் செய்திருக்கிறார்கள்.

உடுவிலில் இருந்து: டிலக்ஷிகா?

மூன்றாவது தடவை. மேலே பாருங்கள்.

கோப்பாயில் இருந்து: பெயர் எண் 5 வரவேண்டும் என்றால் எத்தனை "எச்" போட வேண்டும்?

ஆங்கில எழுத்துக்கு எண் கொடுத்துக் கூட்டுகிற கணக்கு அது. தமிழ்ப் பெயரின் பொருளுக்கும் அதற்கும் தொடர்பு இல்லை. எண்சோதிடரைக் கேளுங்கள். எழுத்தைக் கூட்டிக் குறைத்த பிள்ளைகள் பிறப்புப் பத்திரத்தில் ஒன்று, அடையாள அட்டையில் ஒன்று, கடவுச்சீட்டில் ஒன்று என்று பிறகு அலைவதைப் பார்க்கிறேன்.

கொக்குவில் தாய் மறுபடியும்: மாமி சம்மதிச்சிட்டா ரீச்சர்! ஆங்கிலத்தில் எப்படி எழுத?

சந்தோசம். எம், ஏ, ரி, எச், யு, எம், ஏ, ஐ என்று எழுதலாம். முதல் "ஏ" குறிலா நெடிலா என்று ஆங்கிலத்தில் தெரியாது, வெளிநாட்டில் மதுமை என்று வாசிப்பார்கள். அதற்காக இன்னொரு "ஏ" சேர்ப்பதென்றால் இப்போதே சேருங்கள், பிறகு மாற்ற வேண்டாம். தமிழில் "மா"வுக்குக் கால் விழுந்திருக்கிறதா என்று பதிவாளர் முன்னாலேயே வாசித்துப் பார்த்துவிட்டுக் கையெழுத்து வையுங்கள்.