விடுதலைப் பத்திரமா, பேனாவை மூடி வைங்க: வக்கீல் கேள்வி பதில்

ஈரோட்டுப் பக்கம் சிவில் கேஸ் நடத்துறவன் நான். வீட்ல அஞ்சு ஏக்கர் மஞ்சக்காடு. தன்பாலீர்ப்பு உள்ள பிள்ளைங்களும் அவங்க பெத்தவங்களும் கேட்டதுக்கெல்லாம் இன்னைக்குப் பதில் சொல்றேன்.

கேள்வி: வயசு 29. நான் ஆண்களை விரும்புறவன்னு அப்பாவுக்குத் தெரிஞ்சுபோச்சு. "பொண்ணு கட்டு, இல்லைன்னா தம்பிக்கு எழுதிக் குடுத்துட்டுப் போ"ங்கறார். நிலத்துல எனக்குப் பங்கு உண்டுங்களா?

பதில்: அவர் எழுதச் சொல்றது விடுதலைப் பத்திரம். பதிஞ்சிட்டா உங்க பங்கு போச்சு, திரும்ப வாங்கக் கோர்ட்டு படியேறணும். கையெழுத்து போடாதீங்க. அப்பாவே சம்பாதிச்சு வாங்கின காடுன்னா யாருக்கு வேணா எழுதுவார், உங்களால தடுக்க முடியாது. கொள்ளுத்தாத்தா காலத்துல இருந்து பாகம் பிரியாம வந்த கூட்டுக்குடும்பச் சொத்துன்னா பொறந்தப்பவே உங்களுக்குப் பங்கு வந்தாச்சு. சொத்துக்காரரைக் கொலை பண்ணினவருக்கு வாரிசுரிமை கிடையாதுன்னு இந்து வாரிசுரிமைச் சட்டத்துல இருக்கு. யாரை விரும்புறீங்கங்கறதைப் பத்தி ஒரு வரி கிடையாது. முதல்ல வில்லங்கச் சான்று போடுங்க, மூலப்பத்திரம் நகல் எடுங்க. பட்டாவை மட்டும் நம்பாதீங்க.

கேள்வி: இதுக்கு நல்ல டாக்டர் யாராவது?

பதில்: இது நோயே இல்லைங்க. மாத்திக் காட்டறேன்னு வைத்தியம் பண்றது தொழில் ஒழுங்கீனம்னு தேசிய மருத்துவ ஆணையம் 2022லயே சொல்லிருச்சு.

கேள்வி: மகளுக்கு 22 வயசு, தோழி கூட கோயமுத்தூர் போயிட்டா. காணோம்னு புகார் குடுத்தா போலீஸ் கூட்டிட்டு வருமா?

பதில்: வராதுங்கம்மா. "நானாத்தான் வந்தேன்"னு அவ சொன்னா அதோட முடிஞ்சது. இதே மாதிரி மதுரையில இருந்து சென்னைக்குப் போன ரெண்டு பொண்ணுங்க கேஸ்ல 2021 ஜூன்ல உயர் நீதிமன்றம் தீர்ப்பு சொல்லுச்சு. தனக்கே இது சரியாப் புரியலைன்னு ஒத்துக்கிட்டு, அந்த நீதிபதி மனநல நிபுணர்கிட்ட உக்காந்து கேட்டுட்டு வந்து எழுதின தீர்ப்பு அது. நீங்க ஸ்டேஷனுக்கு நடக்கறதை விட்டுட்டு அவளுக்கு ஒரு போன் போடுங்க.

கேள்வி: வக்கீல் சார், தப்பாச் சொல்றீங்க. தாத்தா சொத்து பேரனுக்குத்தான். அப்பன் தொட முடியாது.

பதில்: தாத்தாவே சம்பாதிச்சு வாங்கின காடு. வாரிசுரிமைச் சட்டம் வந்த 1956க்கு அப்புறம் உயில் எழுதாம செத்தார்னு வைங்க. அதுல அப்பாவுக்கு வந்த பங்கு அப்பாவோட தனிச்சொத்து. உச்ச நீதிமன்றம் 1986லயே சொன்னது.

கேள்வி: எங்க ஊர்ப் பஞ்சாயத்துல பேரனுக்குத்தான் பங்கு வெச்சாங்க.

பதில்: வெச்சிருப்பாங்க. யாராவது கோர்ட்டுக்குப் போனா நிக்காது.

கேள்வி: அப்ப அந்த 29 வயசுத் தம்பிக்கு ஒண்ணுமே இல்லைங்கறீங்க?

பதில்: அப்படி எங்கீங்க சொன்னேன்? மூலப்பத்திரம் பாக்காம உண்டுன்னும் சொல்ல மாட்டேன், இல்லைன்னும் சொல்ல மாட்டேன். "தாத்தா சொத்து எப்படியும் வந்துரும்"னு நம்பி வீட்ல மல்லுக்கட்டி, கடைசில காடும் இல்லாம அப்பனும் இல்லாம நின்னவங்களை எனக்குத் தெரியும். பங்காளித் தகராறு தனியா பேசலாம், இங்க போதும்.

கேள்வி: ஊருக்காக ஒரு கல்யாணம் பண்ணிட்டு...

பதில்: வேண்டாம். வர்ற பொண்ணு என்ன பாவம் பண்ணினா?

கேள்வி: நாங்க ரெண்டு பேரும் ஆண்கள். கல்யாணத்தைப் பதிய முடியுமா?

பதில்: முடியாது, 2023 அக்டோபர்ல உச்ச நீதிமன்றம் மறுத்துருச்சு. ஒருத்தருக்கொருத்தர் உயில் எழுதிப் பதிஞ்சு வைங்க.

கேள்வி: திருநங்கை அடையாள அட்டைக்கு?

பதில்: மாவட்ட சமூக நல அலுவலகம்.

கேள்வி: மருந்து, மாத்திரை ஏதாவது...

பதில்: மேல படிங்க சாமி.

கேள்வி: சார், மறுபடியும் அந்த 29 வயசுக்காரன். முத்திரைத்தாள் வாங்கியாச்சாம். நாளைக்குக் காலைல பத்து மணிக்கு சப்-ரிஜிஸ்ட்ரார் ஆபீசுக்கு வரச் சொல்றார் அப்பா.

பதில்: வயித்தால போகுதுன்னு படுத்துக்குங்க. அப்பா கெளம்பினதும் எனக்குக் கூப்பிடுங்க.