கார் போர்ச்சுக்குப் பக்க மறைப்பு: சில கேள்விகள்

கொழும்பு வெள்ளவத்தையிலிருந்து: கார் போர்ச்சுக்குக் கூரை மட்டும்தான் இருக்கிறது. மழைக்குக் கார் தொப்பமாக நனைகிறது. மூன்று பக்கமும் அடைத்துவிடட்டுமா?

வேண்டாம். மே முதல் செப்டெம்பர் வரை தென்மேல் பருவக்காற்று கடல் பக்கத்தால்தான் வருகிறது, ஆகவே தூவானமும் பெரும்பாலும் மேற்கு, தென்மேற்குப் பக்கத்தால்தான் அடிக்கும். ஆனால் பக்கத்து மாடிக் கட்டடமோ உயர்ந்த மதிலோ காற்றைத் திருப்பிவிடலாம் என்பதால், வேலை செய்யும் பாஸைக் கூப்பிடுவதற்கு முன் காற்றோடு மழை பெய்யும் ஒரு நாளில் தரை எந்தப் பக்கத்தால் எவ்வளவு உள்ளே நனைகிறது என்று நீங்களே பாருங்கள். அந்தப் பக்கத்தை மட்டும் மறைத்தால் அநேகமாகப் போதும். எல்லாவற்றையும் மூடினால் ஈரம் காயாமல் காரின் அடியில் கறள் பிடிக்கும். எஞ்சினை ஓடவிட்டு நின்றால் கார்பன் மொனொக்சைட் வேறு தேங்கும், அதற்கு மணமே இல்லை. போர்ச்சைப் பார்த்தபடி படுக்கையறை ஜன்னல் இருந்தால் கட்டாயம் யோசியுங்கள்.

தெஹிவளையிலிருந்து: கடற்கரைக்குக் கிட்ட இருக்கிறோம். அமானோ என்கிற உலோகத் தகட்டு ஷீட்டா, பாலிகார்பனேட் என்கிற பிளாஸ்டிக் ஷீட்டா?

உப்புக் காற்று பாலிகார்பனேட்டை ஒன்றும் செய்யாது, வெயில்தான் அதற்கு எதிரி. பல ஷீட்களில் புற ஊதாப் பூச்சு ஒரு பக்கத்தில் மட்டும்தான் இருக்கும், அந்தப் பக்கம் வெளியே பார்க்க வேண்டும், மாற்றிப் பூட்டினால் மஞ்சளாகி வெடிப்பு விழும். சூட்டில் நன்றாக விரியும் சாமான் அது, 8 அடி ஷீட்டின் சூடு 30 பாகை செல்சியஸ் ஏறினால் கிட்டத்தட்ட 5 மில்லிமீற்றர் நீளும், அதனால் துளையை ஸ்க்ரூவை விடப் பெரிதாகப் போடச் சொல்லுங்கள். அமானோவில் முதலில் கறள் பிடிப்பது வெட்டிய ஓரத்திலும் ஸ்க்ரூவிலும்தான். வெளிப்பக்க உப்பை மழை கழுவிவிடும், உட்பக்கத்தைக் கழுவ ஆளில்லை, இடைக்கிடை ஹோஸ் பிடித்து அடியுங்கள்.

கொட்டாஞ்சேனையிலிருந்து: இருக்கிற தூண்களிலேயே சட்டத்தை வெல்ட் பண்ணலாம் என்கிறார் பாஸ். தாங்குமா?

தூணைப் பார்க்காமல் அவர் சொல்வதை நம்ப மாட்டேன். கூரையைச் சுமக்கப் போட்ட தூண் அது. பக்கத்தை மறைத்தவுடன் வள்ளத்துப் பாய் மாதிரிக் காற்றைப் பிடிக்கும், காற்றின் வேகம் இரண்டு மடங்கானால் தள்ளுகிற விசை நான்கு மடங்கு. அதோடு உள்ளே புகுந்த காற்று மறைப்பில் முட்டிக் கூரையையும் மேலே தூக்கும். ஆகவே தூணின் அடி கொங்கிறீட்டுக்குள் இறங்கியிருக்கிறதா, இல்லை வெறும் தரையில் நாலு போல்ட்டா என்று முதலில் பாருங்கள். எனக்கென்றால் முழு ஷீட்டை விடச் சரிவாக இடைவெளி விட்டு அடித்த அலுமினியப் பட்டிகள்தான் பிடிக்கும், செலவு கூடத்தான், ஆனால் காற்று போகும், தூவானம் நிற்கும். எதை அடித்தாலும் கீழே நாலு அங்குலமாவது விடுங்கள்.

வத்தளையிலிருந்து: இப்போதைக்கு டார்ப்போலின் கட்டலாமா?

கட்டலாம், காரில் உரசாமல். மடிப்புகளில் தண்ணீர் தேங்கினால் நுளம்பு பெருகும்.

பம்பலப்பிட்டியிலிருந்து: அனுமதி வேண்டுமா?

நிரந்தர மறைப்பென்றால் வேலை தொடங்க முன் மாநகர சபையில் கேளுங்கள், முக்கியமாக வீதியோரத்துக்குக் கிட்ட வருமென்றால். தொடர்மாடி என்றால் முகாமைத்துவக் கூட்டுத்தாபனத்தின் சம்மதத்தையும் எழுத்தில் வாங்குங்கள். கூரை பழைய அஸ்பெஸ்டஸ் என்றால் அதில் துளை போட விடாதீர்கள், சட்டத்தைத் தனியாக நிறுத்துங்கள்.