ஆன்டிகிதெரா கருவி காலத்தைத் திருப்புமா?
சினிமாவில் வருவது போல இந்தக் கருவியால் காலத்தைப் பின்னோக்கித் திருப்ப முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள். முடியாது. ஆனால் அது நிஜமாகவே செய்த வேலை எனக்கு அதைவிடப் பெரிய அதிசயம். கிரேக்கத் தீவான ஆன்டிகிதெரா பக்கத்தில் மூழ்கிக் கிடந்த கப்பலிலிருந்து 1901-ல் மேலே வந்த இந்த வெண்கலக் கருவிக்கு 2,000 வயதுக்கு மேல், மிஞ்சியிருப்பது 30 பற்சக்கரங்கள். கைப்பிடியைச் சுற்றினால் முள் நகர்ந்து, நீங்கள் விரும்பும் தேதியில் சூரியனும் சந்திரனும் எங்கே இருக்கும் என்று காட்டும், அப்புறம் பின்பக்கத்தில் கிரகணங்கள் திரும்பத் திரும்ப வரும் 223 சந்திர மாதச் சுழற்சியை வைத்து எந்த மாதம் கிரகணம் வரலாம் என்பதையும் சொல்லிவிடும். சந்திரன் சில நாள் வேகமாகவும் சில நாள் மெதுவாகவும் நகர்வதைக்கூட, ஒரு சக்கரத்தின் முளையை இன்னொன்றின் பள்ளத்தில் பொருத்திக் காட்டியிருக்கிறார்கள்! பின்னால் சுற்றினால் போன வருடத்து வானம் வரும். கதைக்காரர்களுக்குப் பொறி தட்டியது அங்கேதான் என்று நினைக்கிறேன்.