கனவில் வந்த தாடிக்காரன் யார்?

வயது 28. திருப்பூரில் ஒரு எக்ஸ்போர்ட் கம்பெனியில் வேலை. கல்யாணமாகி இரண்டு வருடம் ஆகிறது. வீட்டுக்காரர் ஒன்றரை வருடமாக துபாயில் இருக்கிறார். நெற்றியில் கட்டிக்கொள்ளும் 'கனவுப் பகிர்வு' பட்டை இரண்டை ஆன்லைனில் வாங்கி, ஒன்றை எனக்கு அனுப்பினார். கட்டிக்கொண்டு படுத்தால் விடியற்காலை நாலரை வாக்கில் அதிர்ந்து எழுப்பும். அரைத் தூக்கத்தில் கனவைப் போனில் சொல்ல வேண்டும். ஆப் அதைப் படமாக்கி அவருக்கு அனுப்பிவிடும். அவர் கனவு எனக்கு வரும். ஆரம்பத்தில் ஜாலியாகத்தான் இருந்தது. போன மாதம் ஒருநாள், "பைக்ல போறேன், முன்னாடி யாரோ ஓட்டுறாங்க" என்று உளறியிருக்கிறேன். படத்தில் தாடி வைத்த ஒருவன்! "யார் அது? அங்கே ஏன் நான் இல்லை?" என்று அன்று தொடங்கிய சண்டை இன்னும் ஓயவில்லை. பட்டையைக் கழற்றினால், "மறைக்க என்ன இருக்கு?" என்கிறார். இதற்கிடையே இரண்டு தடவை விழிப்பு வந்தும் கை கால் அசையவில்லை. நெஞ்சில் யாரோ உட்கார்ந்த மாதிரி இருந்தது. அத்தை மந்திரிக்கக் கூட்டிப் போனார்கள். என் மனசில்தான் ஏதாவது கோளாறா?
— பெயர் வேண்டாம்

அன்புச் சகோதரி,

முதலில் அந்தத் தாடிக்காரனைப் பார்த்துவிடுவோம். அவனை வரைந்தது ஆப். நீங்கள் எழுதியிருப்பதை வைத்துப் பார்த்தால், பட்டையின் சென்சார் நீங்கள் கனவுத் தூக்கத்தில் இருப்பதாக ஊகித்து எழுப்புகிறது. ஆப் உங்கள் பேச்சை எழுத்தாக்கி, அந்த எழுத்தைப் படமாக்குகிறது. 'யாரோ' என்றீர்கள், முகம் சொல்லவில்லை. படம் வரையும் மென்பொருள் சொல்லாமல் விட்ட இடத்தைத் தானே நிரப்பிக்கொள்ளும். உங்கள் கணவரையே அதே வாக்கியத்தைப் பத்து முறை கொடுத்துப் பார்க்கச் சொல்லுங்கள். பத்துப் படத்திலும் அதே ஆள் வருகிறானா என்று அவரே பார்க்கட்டும்.

தூங்குபவரின் கனவை அப்படியே வெளியே எடுக்கும் கருவி இன்று உலகில் எங்கும் கிடையாது. இதில் பெரிதாகப் பேசப்பட்டது 2013-இல் ஜப்பானின் கியோத்தோவில் யுகியாசு கமிதானி குழு செய்த ஆய்வு. பங்கேற்றவர்கள் மூன்றே பேர். எம்.ஆர்.ஐ. ஸ்கேனருக்குள் தூங்கவைத்து, கண்ணயர்ந்ததும் எழுப்பி எழுப்பி, ஆளுக்கு 200 முறைக்கு மேல் கனவைக் கேட்டார்கள். அத்தனைக்குப் பிறகும், ஸ்கேனில் பதிவான மூளைச் செயல்பாட்டை வைத்து, கொடுத்த இரண்டு வகைப் பொருளில் கனவில் வந்தது எது என்பதைச் சுமார் 60 சதவீதம்தான் சரியாக ஊகிக்க முடிந்தது. காசு சுண்டினாலே 50 வந்துவிடுமே! அறையை அடைக்கும் ஸ்கேனருக்கே இந்தப் பாடு என்றால், நெற்றிப் பட்டையை வைத்துச் சண்டை போடுவதில் அர்த்தமில்லை.

உங்களுக்குக் கோளாறு எதுவும் இருப்பதாகத் தெரியவில்லை. தூக்கம்தான் கெட்டிருக்கிறது. கனவுத் தூக்கம் ஏறக்குறைய 90 நிமிடத்துக்கு ஒருமுறை வரும். முன்னிரவில் சில நிமிடங்களே நீடிக்கும். விடியும் நேரத்தில் அரைமணி வரைகூடப் போகும். அந்த நேரத்தில் எழுப்பினால் பெரும்பாலும் கனவு நினைவிருக்கும். 'முன்னெல்லாம் இவ்வளவு கனவு வராதே' என்று தோன்றினால் காரணம் இதுதான். கனவின்போது நாம் எழுந்து ஓடிவிடாதபடி மூளை தசைகளைத் தளர்த்தி வைத்திருக்கும். அந்தக் கட்டு அவிழும் முன்பே விழிப்பு வந்துவிட்டால் உடம்பு அசையாது, நெஞ்சு அழுத்தும். ஊரில் 'அமுக்குவான் பேய்' என்பது இதைத்தான். ஓரிரு நிமிடத்தில் தானே விலகும். பயந்து திமிறாமல் ஒரு விரல் நுனியை மட்டும் அசைக்கப் பாருங்கள், மூச்சை மெதுவாக விடுங்கள். துண்டு துண்டான தூக்கமும் மல்லாந்து படுப்பதும் இதை அதிகமாக்கும் என்பதால் ஒருக்களித்துப் படுங்கள். மந்திரித்தது அத்தைக்கு ஆறுதலாக இருந்தால் இருக்கட்டும், அதற்காகச் சண்டை வேண்டாம்.

பட்டையை இரண்டு வாரம் இருவருமே கழற்றி வையுங்கள். உங்களுக்கு நாலரை என்றால் துபாயில் மணி மூன்று. அவரும் நடு இரவில் எழுப்பப்படுகிறார் என்றால், தூக்கம் கெட்ட மனுஷனுக்குச் சந்தேகமும் எரிச்சலும் எளிதில் மூளும். முதல் சில இரவுகளில் கனவுகள் இன்னும் அழுத்தமாக வரலாம். விட்டுப்போன தூக்கத்தை உடம்பு ஈடுகட்டுகிறது, பயம் வேண்டாம். தினமும் ஒரே நேரத்தில் எழுந்திருங்கள்.

கனவைப் பகிரும் ஆசையை விட வேண்டியதில்லை. தானாக விழிப்பு வந்ததும் புரளாமல், போனைத் தொடாமல், ஒரு நிமிடம் கண்மூடிக் கிடந்து கடைசிக் காட்சியைப் பிடியுங்கள். அங்கிருந்து பின்னோக்கிப் போங்கள். நோட்டில் மூன்று வரி போதும்: கண்டது, உள்ளே என்ன உணர்வு, முந்தைய நாளின் எந்தச் சங்கதி உள்ளே நுழைந்தது. ஞாயிற்றுக்கிழமை போனில் ஆளுக்கு ஒரு கனவு. எதைச் சொல்வது என்பதைச் சொல்பவரே முடிவுசெய்ய வேண்டும். கேட்பவர், "அப்போ உனக்கு எப்படி இருந்தது?" என்று மட்டும் கேட்கலாம். "யார் அது?" கூடாது.

அவரிடம் பேசும்போது படத்தைப் பற்றி வாதாட வேண்டாம். "இவ்வளவு நாள் பிரிஞ்சிருக்கிறது உங்களுக்கும் பயமா இருக்குங்களா? எனக்கும் இருக்குது" என்று ஆரம்பியுங்கள். 'அங்கே ஏன் நான் இல்லை' என்ற கேள்விக்குள் இருப்பது அந்தப் பயம்தான் என்று எனக்குப் படுகிறது. லீவு எப்போது, இன்னும் எத்தனை வருடம் துபாய் என்பதையும் அதே பேச்சில் எடுங்கள். பட்டையை விட்டுவிட்டு அடுத்து பாஸ்வேர்டு, லொக்கேஷன் என்று கேட்க ஆரம்பித்தால் விஷயம் வேறு. தாமதிக்காமல் நேரில் ஒரு ஆலோசகரைப் பாருங்கள். அரசின் மனநல உதவி எண்ணான டெலி மானஸ் 14416 இலவசம், எந்நேரமும் தமிழிலும் பேசலாம்.

ஆப்பை நீக்குவதற்கு முன் உள்ளே போய்க் குரல் பதிவுகளையும் படங்களையும் அழித்து, கணக்கையும் மூடுங்கள். போனிலிருந்து ஆப்பை எடுத்துவிட்டால் மட்டும் அவர்களிடம் இருக்கும் பதிவுகள் அழிந்துவிடாது.