ஜாங் நிங்: பத்து வருடங்களும் ஓர் அரையிறுதியும்

அன்புள்ள அக்கா,

விளையாட்டு வீராங்கனைகளின் வயது பற்றி நீங்கள் எழுதிய கட்டுரையில் சீனாவின் ஷட்டில் (பேட்மிண்டன்) வீராங்கனை ஜாங் நிங் பற்றி இரண்டு வரி வந்திருந்தது. 29 வயதில் ஏதென்ஸில் முதல் ஒலிம்பிக் தங்கம், 33 வயதில் பெய்ஜிங்கில் அடுத்தது. படித்ததும் என் மகளைக் கூப்பிட்டு வாசித்துக் காட்டினேன். அவளுக்கு 23 ஆகிறது. மாநிலப் போட்டிகளில் ஷட்டில் ஆடுகிறாள், ஆனால் காலிறுதியைத் தாண்டுவதில்லை. "இன்னும் எத்தனை நாளைக்கு மட்டையைத் தூக்கிக்கிட்டுத் திரியப் போறா?" என்று வீட்டுக்கு வருகிறவர்கள் எல்லாம் கேட்கிறார்கள்.

ஜாங் நிங்கை அவளுக்கு மிகவும் பிடித்துப்போய்விட்டது. பழைய ஆட்டங்களைத் தேடித் தேடிப் பார்த்தாள். ஒரு வாரம் கழித்து முகம் சுண்டிப்போய் வந்தாள். "அம்மா, ஏதென்ஸ் அரையிறுதியில எதிர்ல ஆடினவங்களைத் தோத்துப்போகச் சொல்லியிருக்காங்க. அப்ப அது என்ன தங்கம்?" என்று கேட்டாள். எனக்குப் பதில் வரவில்லை. தப்பான ஆளை அவளுக்குக் காட்டிவிட்டேனா?

க., திண்டுக்கல்

*

அன்புள்ள க.,

உங்கள் மகள் கேட்டது நியாயமான கேள்வி. நான் அந்த இரண்டு வரியில் மெடல்களை மட்டும் எழுதினேன். மெடலை மட்டும் சொன்னால் இந்தக் கேள்வி வந்துதான் தீரும். அதனால் கதையை முதலிலிருந்தே சொல்கிறேன். அவளிடம் இதைப் படிக்கக் கொடுங்கள்.

ஜாங் நிங் 1975இல் சீனாவின் வடகிழக்கில் லியாவ்னிங் மாகாணத்து ஜின்ஜோ நகரத்தில் பிறந்தவர். நல்ல உயரம், ஐந்தே முக்கால் அடி. அவரைப் பற்றி எழுதுகிற எல்லாரும் ஏதென்ஸில் தொடங்குவார்கள். நான் 1994 மே மாதத்து ஜகார்த்தாவில் தொடங்குகிறேன்.

அந்த ஆண்டு ஊபர் கோப்பை இறுதிப் போட்டி அங்கே நடந்தது. ஊபர் கோப்பை என்றால் பெண்கள் அணிகளின் உலகப் போட்டி என்று வைத்துக்கொள்ளலாம். மூன்று ஒற்றையர், இரண்டு இரட்டையர் ஆட்டங்கள். 1984 முதல் 1992 வரை ஐந்து முறை தொடர்ந்து சீனாதான் ஜெயித்திருந்தது. எதிரே இந்தோனேசியா, அதுவும் சொந்த மண்ணில். நான்கு ஆட்டங்கள் முடிந்தபோது 2–2. கடைசி ஆட்டம் ஆட வேண்டியவர் ஜாங் நிங். அவருக்கு அப்போது 19 வயதுதான் இருக்கும். வலைக்கு அந்தப் பக்கம் நின்றவர் மியா ஆடினா. வயது 14. நம் ஊரில் ஒன்பதாம் வகுப்பு படிக்கிற பிள்ளை.

அந்தப் பிள்ளை ஜெயித்தது. 1975க்குப் பிறகு முதல் தடவையாக இந்தோனேசியா கோப்பையை எடுத்தது. அரங்கம் மொத்தமும் ஒரு பக்கம் கத்த, பத்து வருடமாக நாடு வைத்திருந்த கோப்பையைக் கைவிட்டவள் என்ற பெயரோடு ஒரு பெண் கோர்ட்டை விட்டு இறங்கியிருக்கிறாள். தனக்காக ஆடித் தோற்றால் அழுதுவிட்டுப் போகலாம். அணிக்காக ஆடி, கடைசி ஆட்டத்தில், ஒரு சின்னப் பெண்ணிடம் தோற்றால் எங்கே போய் அழுவது? உங்கள் மகளுக்கு இது நன்றாகப் புரியும் என்று நினைக்கிறேன்.

அதற்குப் பிறகு நடந்ததைத்தான் நான் பெரிதாக நினைக்கிறேன். பார்க்கிற கண்ணுக்கு நீண்ட நாட்கள் எதுவுமே நடக்கவில்லை. சீனாவில் திறமைக்குப் பஞ்சம் கிடையாது. அவரைவிட ஒரு வயது மூத்த யெ ஜாவோயிங் 1995, 1997 இரண்டு உலகப் போட்டிகளிலும் ஜெயித்தார். அவரைவிட இளைய கோங் ஜிச்சாவ் 2000இல் சிட்னி ஒலிம்பிக்கில் தங்கம் வாங்கினார். ஒரு நாட்டிலிருந்து மூன்று பேர் ஆடலாம் என்ற நிலையில் சிட்னிக்குப் போன மூவரில் ஜாங் நிங் இல்லை. அப்போது அவருக்கு 25. முன்னால் இருந்தவர்களும் தாண்டிப் போகிறார்கள், பின்னால் வந்தவர்களும் தாண்டிப் போகிறார்கள். ஒற்றையர் ஆட்டத்தில் பெண்கள் 25, 26 வயதில் மட்டையை எடுத்து வைத்துவிடுவது அப்போது சகஜம்.

சீன முறைப் பயிற்சியின் அடிப்படையான ஒன்றைப் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். எங்கள் பக்கத்து உள்ளரங்கில் ஒரு பயிற்சியாளர் பிள்ளைகளுக்கு அதைத்தான் கொடுப்பார். இடது முழங்கையின் மேல் இருபது, இருபத்தைந்து ஷட்டில்களை ஒன்றுக்குள் ஒன்றாக அடுக்கி வைத்துக்கொள்வார். நெட் ஓரம் ஒன்று, பின்கோடு ஒன்று, வலது மூலை, இடது மூலை என்று மூச்சுவிட இடைவெளி தராமல் போட்டுக்கொண்டே இருப்பார். அந்தப் பக்கம் நிற்கிற பெண் ஓடி எடுத்து நடுவுக்கு வருவதற்குள் அடுத்தது பறந்துவிடும். ஒரு சுற்று முடியும்போது தரையெல்லாம் வெள்ளையாகக் கிடக்கும், கோழி உரித்த முற்றம் மாதிரி. அந்தப் பெண்ணே குனிந்து அத்தனையையும் பொறுக்கி, திரும்ப அடுக்கிக் கொடுப்பாள். அப்புறம் அடுத்த சுற்று. இறகு ஒடிந்ததைத் தனியாகப் போடுவாள். இதை ஒரு மணி நேரம் பார்த்தாலே நமக்குக் கால் வலிக்கும். ஜாங் நிங் மாதிரி ஓர் ஆள் தேசிய அணிக்குள்ளேயே இருந்துகொண்டு, பெரிய போட்டிக்கான பட்டியலில் பெயர் வராமல், இப்படி எத்தனை வருடம் பொறுக்கி அடுக்கியிருக்க வேண்டும் என்று யோசித்துப் பாருங்கள். என்னால் அதைத் தாண்டிப் போக முடியவில்லை.

2001இல் ஸ்பெயினின் செவியாவில் நடந்த உலகப் போட்டியில் வெண்கலம். 2003இல் பர்மிங்காமில், நடப்பு உலக சாம்பியனாக இருந்த தன் அணித்தோழி கோங் ருய்னாவை இறுதியில் வென்று உலக சாம்பியன் ஆனார். அப்போது வயது 28. ஜகார்த்தாவிலிருந்து கணக்குப் போட்டால் ஒன்பது வருடம்.

சரி, இப்போது ஏதென்ஸுக்கு வருவோம். 2004.

உங்கள் மகள் படித்தது உண்மைதான். அரையிறுதியில் ஜாங் நிங்கும் இன்னொரு சீன வீராங்கனை ஜோ மியும் மோதினார்கள். ஓர் ஆட்டத்தில் மூன்று கேம்களில் இரண்டை எடுக்கிறவருக்கு வெற்றி. முதல் கேமை ஜாங் நிங் எடுத்த பிறகு, ஜோ மியை விட்டுக்கொடுக்கச் சொன்னதாகச் சீன அணியின் தலைமைப் பயிற்சியாளர் லி யோங்போவே சில வருடங்கள் கழித்துத் தொலைக்காட்சிப் பேட்டியில் ஒப்புக்கொண்டார். இறுதியில் வெளிநாட்டு வீராங்கனையைச் சந்திக்க ஜாங் நிங்தான் தோது என்பது அவர்கள் கணக்கு. ஜாங் நிங் களைத்துவிடக் கூடாது என்பதும் அதில் சேர்த்தி.

இதை நான் எந்த விதத்திலும் நியாயப்படுத்த மாட்டேன். ஜோ மிக்கு நடந்தது அநியாயம். நான்கு வருடம் உழைத்து அரையிறுதிக்கு வந்த ஒருத்தியிடம் நீ தோற்றுப் போ என்று சொல்ல யாருக்கும் உரிமை இல்லை, நாட்டின் பெயரால்கூட. வெண்கலத்துக்கான ஆட்டத்தில் அவர் ஜெயித்தார். பிறகு ஹாங்காங்குக்குப் போய் அந்த அணிக்காக ஆடினார். ஜாங் நிங்கைப் பற்றிப் பேசும்போதெல்லாம் ஜோ மியின் பெயரையும் சேர்த்துச் சொல்லுங்கள் என்று உங்கள் மகளிடம் கேட்டுக்கொள்கிறேன். சிட்னி அரையிறுதியில் கோங் ஜிச்சாவிடம் தோற்கும்படி தனக்கும் உத்தரவு வந்ததாக யெ ஜாவோயிங் 2022இல் டென்மார்க் தொலைக்காட்சியிடம் சொன்னார். 2012 லண்டன் ஒலிம்பிக்கில் வேண்டுமென்றே தோற்க முயன்றதற்காக ஒரு சீன ஜோடி உட்பட நான்கு பெண்கள் இரட்டையர் ஜோடிகளைத் தகுதி நீக்கம் செய்தார்கள். அரங்கத்தில் ரசிகர்கள் கூச்சல் போட்டதை நான் டிவியில் பார்த்தேன். எத்தனை மெடல் என்ற கணக்கை மட்டுமே வைத்து நடத்துகிறபோது, ஆடுகிற பெண் அந்தக் கணக்கில் ஒரு காய் ஆகிவிடுகிறாள்.

இதில் ஜாங் நிங்கும் ஒன்றை இழந்தார் என்பது என் எண்ணம். முதல் கேமை அவர் ஏற்கெனவே எடுத்துவிட்டார். தொடர்ந்து ஆடவிட்டிருந்தால் நேர்மையாகவே ஜெயித்திருக்கலாம், தோற்றும் இருக்கலாம். அதைத் தெரிந்துகொள்கிற உரிமையை அவரிடமிருந்தும் பிடுங்கிவிட்டார்கள். இன்றைக்கு உங்கள் வீட்டில் ஒரு பெண் முகம் சுண்டிப்போய்க் கேட்கிற கேள்விக்கு அவராலும் பதில் சொல்ல முடியாது.

ஆனால் அடுத்த ஆட்டத்தை யாரும் யாருக்கும் விட்டுக்கொடுக்கவில்லை. கோங் ருய்னாவைத் தோற்கடித்துவிட்டு இறுதிக்கு வந்தது யார் தெரியுமா? மியா ஆடினா. ஜகார்த்தாவில் ஜெயித்த அதே பிள்ளை. இப்போது வயது 24, திருமணமாகி நெதர்லாந்துக்காக ஆடுகிறார். 1996 அட்லாண்டாவில் இந்தோனேசியாவுக்காக வெள்ளி வாங்கியிருந்தவர். பத்து வருடம் கழித்து அதே இருவர், அதே மாதிரி ஒரு வலை. முதல் கேமை மியா 11–8 என்று எடுத்துவிட்டார். அந்த நேரத்தில் ஜாங் நிங் மனதில் என்ன ஓடியிருக்கும் என்று நான் கற்பனை செய்து எழுதப் போவதில்லை. ஸ்கோரை மட்டும் எழுதுகிறேன்: 8–11, 11–6, 11–7. அப்போது சர்வீஸ் போடுகிறவருக்குத்தான் பாயிண்ட். ஷட்டில் தரையில் விழும்வரை இருவரும் மாறி மாறி அடிப்பதுதான் ரேலி. அவர் ரேலியில் தோற்றால் சர்வீஸ் கை மாறும், ஸ்கோர் அப்படியே நிற்கும். ஒரு பாயிண்டுக்காக நாலு ரேலி ஓட வேண்டிவரும். ஒரு கேம் பின்தங்கிய 29 வயதுக்காரி அந்த முறையில் திரும்பி வந்து ஜெயித்தார்.

மியாவுக்கு வெள்ளி, இரண்டாவது நாட்டுக்காக இரண்டாவது வெள்ளி. அவரைப் பற்றித் தனியாக எழுத வேண்டும்.

பிறகு 2006இல் ஆட்டத்தின் விதியையே மாற்றினார்கள். 21 பாயிண்ட், ஒவ்வொரு ரேலிக்கும் பாயிண்ட். பழகின கைக்கு இது பெரிய சோதனை. முன்பு சர்வீஸ் தன் கையில் இருக்கும்போது ஒரு தப்பு செய்தால் சர்வீஸ்தான் போகும், இப்போது பாயிண்டே போய்விடும். 31 வயதில் ஜாங் நிங் ஆட்டத்தை இதற்கும் மாற்றிக்கொண்டார். 2005, 2006 இரண்டு உலகப் போட்டி இறுதிகளிலும் ஷியெ ஷிங்ஃபாங்கிடம் தோற்றிருந்தார், ஒன்று பழைய முறையில், ஒன்று புதிய முறையில். ஷியெ ஆறு வயது இளையவர்.

2008 பெய்ஜிங். நம்முடைய சாய்னா நேவால் 18 வயதில் காலிறுதி வரை போய், இந்தோனேசியாவின் மரியா கிறிஸ்டின் யூலியான்டியிடம் முதல் கேமை எடுத்தும் தோற்றது உங்களுக்கு நினைவிருக்கும். அந்த யூலியான்டியை அரையிறுதியில் வென்றவர் ஜாங் நிங். இறுதியில் மறுபடியும் ஷியெ. 21–12, 10–21, 21–18. நடு கேமைப் பாருங்கள், முட்டிக் காயத்தோடு ஆடுகிற 33 வயது உடம்பு நின்றேவிட்டது போல இருக்கும். மூன்றாவதில் அவர் ஸ்மாஷை, அதாவது ஓங்கி அடிக்கிற அடியை, நம்பவில்லை. பின்கோட்டிலிருந்து எதிராளியின் பின்கோடு வரை உயரமாக அடிக்கிற கிளியர், அதே கையசைவில் திடீரென்று வலையோரம் விழுகிற ஒரு டிராப், மறுபடி கிளியர். கடைசிப் பாயிண்ட் விழுந்ததும் அழுதார். பெண்கள் ஒற்றையரில் ஒலிம்பிக் தங்கத்தை அடுத்த ஒலிம்பிக்கிலும் தக்கவைத்தவர் இன்றுவரை அவர் ஒருவர்தான். நிறைவு விழாவில் சீனக் கொடியைப் பிடித்துப் போனார். பிறகு பெண்கள் ஒற்றையர் அணிக்குப் பயிற்சியாளர் ஆனார்.

ஆகவே க., நீங்கள் தப்பான ஆளைக் காட்டவில்லை. நான்தான் பாதியைக் காட்டினேன். உங்கள் மகள் கட்டாயம் 33 வயது வரை ஆட வேண்டும் என்று நான் சொல்ல மாட்டேன். ஜாங் நிங்குக்குத் தேசிய அணியின் விடுதியும் சாப்பாடும் பயிற்சியாளரும் இருந்தார்கள். 23 வயதில் நம் ஊர்ப் பெண்ணுக்கு ஒரு டப்பா ஷட்டில் வாங்கவே யோசிக்க வேண்டியிருக்கிறது. அதைத் தெரியாதது போல எழுதினால் நான் உங்களுக்குத் துரோகம் செய்தவள் ஆவேன். ஆனால் நிறுத்துவதா தொடர்வதா என்பதை அவள் தீர்மானிக்கட்டும், வீட்டுக்கு வருகிறவர்கள் வேண்டாம்.

ஒரே ஒரு காரியம் செய்யுங்கள். ஏதென்ஸ் இறுதி ஆட்டத்தின் இரண்டாவது கேமிலிருந்து அவளோடு உட்கார்ந்து பாருங்கள். ஆட்டம் தெரிந்தவள் அவள்தான், நிறுத்தி நிறுத்தி உங்களுக்கு அவளே விளக்கட்டும். என் கண்ணில் படாதது ஏதாவது அவளுக்குத் தெரிந்தால் எனக்கு எழுதச் சொல்லுங்கள்.

அன்புடன்,
அக்கா